தண்ணீர் இல்லாத கோட்டை: கையடக்கக் 'கான்ட்ரா'வும் செஞ்சியும்

1

1993 கோடையில் எங்கள் தாய்மாமா குவைத்திலிருந்து லீவில் செஞ்சிக்கு வந்தபோது சாம்பல் நிறத்தில் ஒரு பெட்டி கொண்டுவந்தார். கையகலம்தான் இருக்கும். நிண்டென்டோ கம்பெனியின் கேம் பாய். நான்கு பென்சில் பேட்டரி போட வேண்டும். முதுகுப்பக்கம் செருகுகிற கேசட்டில் 'கான்ட்ரா' என்று ஒரு ஆட்டம். எனக்கு அப்போது பன்னிரண்டு வயசு. திண்ணையில் உட்கார்ந்து ஆடிக்கொண்டிருந்தேன். மாமா பின்னால் நின்று கொஞ்ச நேரம் பார்த்தார்.

"இன்னாடா பண்றான் இவன்?"

"எதிரியோட கோட்டையைப் புடிக்கப் போறான் மாமா."

"தனியாவா?"

"தனியாத்தான்."

"சரி. இதுல தண்ணி புடிக்கிற எடம் எங்க இருக்குது?"

நான் சிரித்துவிட்டேன். மாமா சிரிக்கவில்லை. ஏன் சிரிக்கவில்லை என்று புரிய எனக்குப் பல வருஷம் ஆயிற்று. 1990 ஆகஸ்டில் ஈராக் படை குவைத்துக்குள் நுழைந்தபோது அவர் அங்கே டிரைவர். பாக்தாத் வழியாக பஸ்ஸில் ஜோர்டானின் அம்மான் நகரம் வரை வந்து, அங்கே கூடாரத்தில் காத்துக்கிடந்து, ஏர் இந்தியா விமானத்தில் ஊர் திரும்பியவர். அந்த மாதங்களில் அப்படித் திரும்பிய இந்தியர்கள் 1,70,000 பேருக்கு மேல். மாமா பார்த்த யுத்தத்தில் அவர் ஒரு துப்பாக்கியைக்கூட அருகில் பார்க்கவில்லையாம். அவர் பார்த்ததெல்லாம் வரிசை: ரொட்டிக்கு வரிசை, தண்ணீருக்கு வரிசை, பேர் பதிய வரிசை.

அவர் கேட்ட கேள்வியை வைத்துக்கொண்டு அந்த ஆட்டத்தை விளக்கிப் பார்ப்பதுதான் இந்தக் கட்டுரை. வீடியோ கேம் பிள்ளைகளைக் கெடுக்கிறது, படிப்பு போகிறது, வன்முறை வளர்கிறது என்கிற பல்லவியை நான் பாடப்போவதில்லை. நான் அதை ஆசையாக ஆடியவன். இப்போதும் கையில் கிடைத்தால் ஆடுவேன். அந்த ஆசை எதனால் செய்யப்பட்டது என்பதுதான் என் கேள்வி.

2

ஆடாதவர்களுக்காகச் சொல்கிறேன். 'பிளாட்ஃபார்ம்' வகை ஆட்டம் என்பது பக்கவாட்டில் வெட்டிக் காட்டிய ஒரு உலகம். தரை உண்டு, மேடைகள் உண்டு, நடுவில் பள்ளங்கள் உண்டு. ஒரு சின்ன உருவம் இடப்பக்கமிருந்து வலப்பக்கம் ஓடும், தாவும். 'கான்ட்ரா' வரிசையில் இதோடு சுடவும் வேண்டும். நின்றபடி, குனிந்தபடி, தாவியபடி, மேலே, கீழே, குறுக்கே எல்லாம் சுடலாம். எதிரியின் குண்டு ஒன்று மேலே பட்டால் போதும், ஒரு உயிர் போச்சு. பள்ளத்தில் விழுந்தாலும் அதே கதி. பறந்து வரும் பெட்டியைச் சுட்டால் ஒரு எழுத்து விழும். அதை எடுத்தால் துப்பாக்கி மாறும். 'எஸ்' விழுந்தால் குண்டுகள் விசிறிபோல் விரியும். டிவி கேம் காலத்தில் வளர்ந்த எவரையும் கேளுங்கள், 'எஸ் எடுத்துட்டேன்' என்று கத்திய ஒரு மத்தியானம் அவர்களுக்கு ஞாபகம் இருக்கும்.

இந்த வரிசையின் முதல் ஆட்டம் 1987இல் ஜப்பானின் கோனாமி கம்பெனி காசு போட்டு ஆடும் எந்திரங்களுக்காகச் செய்தது. மறுவருஷம் அது வீட்டு டிவிக்கு வந்தது. நம் ஊர்களில் மலிவு நகல் எந்திரங்கள் வழியாகப் பரவியது இந்த டிவி வடிவம்தான். கையடக்க எந்திரத்துக்கென்றே செய்த முதல் கான்ட்ரா 1991 ஜனவரியில் ஜப்பானில் வெளிவந்தது. அமெரிக்காவில் அதன் பேர் 'ஆபரேஷன் சி'. மாமா கொண்டுவந்தது இதைத்தான். மொத்தம் ஐந்து கட்டங்கள். இரண்டாவதும் நான்காவதும் மேலிருந்து பார்ப்பதுபோல் இருக்கும். டிவி வடிவத்தில் இரண்டு பேர் தோளோடு தோள் நின்று ஆடலாம். இதில் முடியாது. ஒருவர்தான்.

இந்த ஆட்டத்தை யாரும் முதல் தடவையில் முடித்ததில்லை. எந்த மூலையிலிருந்து யார் வருவார் என்பது செத்துச் செத்துத்தான் தெரியும். பத்தாவது தடவை ஆடும்போது கண் பார்ப்பதற்கு முன்னாலேயே விரல் தாவிவிடும். வாய்ப்பாடு மாதிரி ஒரு மனப்பாடம், ஆனால் வாயில் இல்லை, கட்டைவிரலில். ஆட்டத்தின் இன்பம் இங்கேதான் இருக்கிறது என்று நினைக்கிறேன். கொல்வது அதில் பெரிய இன்பம் இல்லை. தெரியாத இடம் ஒன்று உடலுக்குத் தெரிந்த இடமாக மாறுவதுதான் இன்பம். இதைக் கொச்சைப்படுத்த எனக்கு மனசில்லை.

அதே சமயம், இடத்தை இப்படித் தெரிந்துகொள்வதற்கு ஒரு விலை இருக்கிறது. இங்கே இடம் என்பது மிதிக்கவும் தாண்டவும் மட்டுமே இருக்கிறது. அங்கே யாரும் குடியிருக்கவில்லை. காட்டில் விறகு பொறுக்குகிறவர் இல்லை, அருவியில் துணி துவைக்கிறவர் இல்லை. எதிரே வருகிறவனுக்கும் முகம் இல்லை, ஓடிவரும் திசை மட்டும்தான்.

3

பேருக்கு வருகிறேன். கல்லூரியில் படிக்கும்போது கையில் கிடைத்த ஒரு சிறுபத்திரிகையில் நிகரகுவா பற்றிய கட்டுரை ஒன்று வாசித்தேன். அதில் 'கான்ட்ராக்கள்' என்று வந்தது. சத்தியமாகச் சொல்கிறேன், எனக்குச் சிரிப்பு வந்தது. சட்டையில்லாமல் துப்பாக்கி பிடித்த அந்தக் கேம் உருவம்தான் கண்முன் நின்றது. பிறகு சிரிப்பு நின்றுபோனது.

1979 ஜூலையில் சாந்தினிஸ்தாக்கள் சொமோசாவின் சர்வாதிகாரத்தைக் கவிழ்த்தார்கள். அந்தப் புரட்சிக்கு எதிராக அமெரிக்கா பணமும் ஆயுதமும் பயிற்சியும் கொடுத்து வளர்த்த ஆயுதக் குழுக்களே கான்ட்ராக்கள். 'எதிர்ப்புரட்சி' என்ற ஸ்பானியச் சொல்லின் முன்பாதிதான் அந்தப் பேர். கிராமங்கள், கூட்டுறவுப் பண்ணைகள், சுகாதார நிலையங்கள், பள்ளிக்கூடங்கள் அவர்களின் தாக்குதலுக்கு ஆளாயின. 1986 ஜூனில் சர்வதேச நீதிமன்றம் அமெரிக்கா சர்வதேசச் சட்டத்தை மீறியதாகத் தீர்ப்புச் சொன்னது. அதே வருஷம் நவம்பரில், ஈரானுக்கு ரகசியமாக ஆயுதம் விற்ற காசு கான்ட்ராக்களுக்குத் திருப்பிவிடப்பட்ட விவகாரம் வெடித்தது. உலகத்துப் பத்திரிகைகளில் எல்லாம் அந்தச் சொல் அடிபட்ட சில மாதங்களிலேயே இந்த ஆட்டம் வருகிறது. தற்செயல் என்று தள்ளிவிடவும் முடியாது. அந்த 1987 ஆட்டத்தின் முடிவில் ஒலிக்கும் இசைக்குப் பேரே 'சாந்தினிஸ்தா'.

இதை வைத்து, ஆட்டத்தைச் செய்தவர்கள் அமெரிக்கப் பிரச்சாரகர்கள் என்று முடிவுகட்டிவிட்டால் சுலபமாக இருக்கும். ஆனால் பாருங்க, நாயகன் பேர் கான்ட்ரா, கடைசிப் பாட்டின் பேர் சாந்தினிஸ்தா. எதிரெதிராக நின்று செத்த இரண்டு தரப்பும் ஒரே பெட்டிக்குள் அலங்காரமாக ஆகிவிட்டன. அரசியல் அதில் மறைக்கப்படவில்லை, ஸ்டிக்கராக ஒட்டப்பட்டிருக்கிறது. மறைத்தால் ஒருநாள் தோண்டி எடுக்கலாம். ஸ்டிக்கரை யார் தோண்டுவார்கள்? 1990இல் சாந்தினிஸ்தாக்கள் தேர்தலில் தோற்றார்கள், கான்ட்ராக்கள் ஆயுதத்தைக் கீழே போட்டார்கள். மறுவருஷம் கையடக்க ஆட்டம் அதே பேரில் வந்தது. யுத்தம் முடிந்த பிறகும் வணிகப் பேர் பிழைத்துக்கொண்டது.

இன்னும் ஒன்று. இந்தக் கையடக்க ஆட்டத்தின் ஜப்பானியக் கதையில் எதிரி ஒரு பேர் சொல்லாத வல்லரசு. அமெரிக்கப் பதிப்பில் எதிரி வேற்றுக்கிரகவாசி, 'பிளாக் வைப்பர்' என்று பேர். ஐரோப்பாவில் ஆட்டத்தின் பேரே 'புரோபோடெக்டர்' ஆகிவிட்டது. மனிதர்களைச் சுடுவது ஜெர்மனியின் இளையோர் பாதுகாப்பு விதிகளில் சிக்கும் என்பதால் சுடுகிறவன், சாகிறவன் இருவரையும் ரோபோட்டாக்கிவிட்டார்கள். ஒரே ஆட்டம், மூன்று எதிரிகள். தாவவேண்டிய பள்ளம் மாறவில்லை, சுடவேண்டிய கணம் மாறவில்லை, விரலின் மனப்பாடம் மாறவில்லை. 'மற்றமை' பற்றி நாம் பக்கம் பக்கமாக எழுதியிருக்கிறோம். அதை இவ்வளவு எளிமையாக விளக்கும் இன்னொரு பிரதி எனக்குத் தெரியாது. எதிரி யார் என்பது கடைசியில் ஒட்டுகிற சீட்டு. எதிரி வேண்டும் என்பதுதான் எந்திரத்துக்குள் எழுதியிருக்கிறது.

4

எந்திரத்தையும் பார்க்க வேண்டும். கேம் பாயின் திரை அகலத்தில் 160 புள்ளி, உயரத்தில் 144 புள்ளி. நான்கு சாயல்கள் மட்டும், பாசி படிந்த பச்சையில். நகரும் உருவங்களை அது சின்னச் சின்னத் துண்டுகளாக வரைகிறது. ஒரு சமயத்தில் திரையில் 40 துண்டுகள்தான் இருக்கலாம். ஒரே கிடைக்கோட்டில் 10 துண்டுக்கு மேல் வந்தால் மீதி தெரியாது. ஒரு ஆள் வரையவே பல துண்டுகள் வேண்டும். ஆகவே எதிரிகள் ஒவ்வொருவராக, இரண்டிரண்டு பேராகத்தான் வர முடியும். செத்தவன் உடனே வெடித்து மறைய வேண்டும், அவன் துண்டுகள் அடுத்தவனுக்கு வேண்டும்.

அதாவது அந்தப் பெட்டியால் ஒரு கூட்டத்தை வரைய முடியாது. ஒரு பிணத்தை வைத்துக்கொள்ளவும் முடியாது. இது யாருடைய சதியும் இல்லை, வன்பொருளின் எல்லை. ஆனால் எல்லையும் ஒரு கதையாடலை உண்டாக்கும். கூட்டம் இல்லாத, பிணம் இல்லாத, ஒற்றை ஆள் யுத்தம்.

இந்த ஆட்டம் ஜப்பானில் கடைக்கு வந்த அதே 1991 ஜனவரியில், 17ஆம் தேதி, ஈராக் மீது குண்டுவீச்சு தொடங்கியது. இரவுப் பச்சையில் மின்னிய அந்த டிவி காட்சிகளை 'வீடியோ கேம் யுத்தம்' என்று அப்போதே சொன்னார்கள். வளைகுடா யுத்தம் நடக்கவே இல்லை என்று ழான் போத்ரியார் எழுதியதும் அந்த மாதங்களில்தான். நம் சிறுபத்திரிகை வட்டாரத்தில் அதைப் பற்றி நிறையப் பேசினோம், நானும் பேசியிருக்கிறேன். ஒருதடவை மாமாவிடமே, "மாமா, அந்த யுத்தம் வெறும் பிம்பம்னு ஒரு பிரெஞ்சுக்காரர் சொல்றார்" என்றேன். "அவரு எந்த வரிசையில நின்னாரு?" என்றார். போத்ரியாரை நான் கைவிட்டுவிடவில்லை. திரையில் நடக்காதது என்ன என்று அவர் சரியாகத்தான் பார்த்தார். திரைக்கு வெளியே நடந்ததை அவர் மொழி சொல்லவில்லை. அந்த யுத்தத்தில் கருகி உருகிப்போன ஒரு சிப்பாயின் கேம் பாய், உள்ளே ஆட்டம் இன்னும் ஓடிக்கொண்டிருக்க, நியூயார்க்கில் நிண்டென்டோ கடையில் பல வருஷம் காட்சிக்கு இருந்தது. எந்திரத்தின் உறுதிக்கு அத்தாட்சியாக அதை வைத்திருந்தார்கள். அது கருகிய இடத்தில் வேறு என்னென்ன கருகியது என்பது கண்ணாடிப் பெட்டிக்கு வெளியே நின்றுவிட்டது.

5

இனி எங்கள் ஊர். செஞ்சியில் பிறந்தவனுக்குக் கோட்டை என்பது ஜன்னலைத் திறந்தால் தெரிகிற பொருள். கிருஷ்ணகிரி, ராஜகிரி, சந்திரகிரி என்று மூன்று மலைகள், அவற்றைச் சேர்த்துக் கட்டிய மதில். ராஜகிரி ஏறக்குறைய 800 அடி. ஏழு வாசல் தாண்டித்தான் உச்சி. உச்சிக்குச் சற்று முன்னால் பாறை பிளந்து ஒரு பள்ளம், சுமார் 24 அடி அகலம், 60 அடி ஆழம். அதன் மேல் மரப்பாலம். பாலத்தை எடுத்துவிட்டால் மேலே யாரும் வர முடியாது. படிப்படியாக மேடைகள், குறுக்கே பள்ளம், வாசலுக்கு வாசல் காவல். சின்ன வயசில் எனக்கு இது அப்படியே கான்ட்ராதான். விரைப்பாக ஒரு ஆள் தாவினால் பிடித்துவிடலாம் என்றுதான் நினைப்பு.

சரித்திரம் வேறு மாதிரி. சிவாஜி 1677இல் இந்தக் கோட்டையைப் பிடித்துப் பலப்படுத்தினார். அவர் மகன் ராஜாராம் 1689இல் இங்கே வந்து சேர்ந்தார். மறுவருஷம் ஔரங்கசீப்பின் தளபதி சுல்பிகர் கான் வந்து சுற்றி உட்கார்ந்தார். கோட்டை விழுந்தது 1698இல். அதற்குள் ராஜாராம் தப்பிப் போய்விட்டார். இடையில் என்ன நடந்தது? பெரும்பாலும் காத்திருப்பு. 1692 கடைசியில் சந்தாஜி கோர்படேயும் தனாஜி ஜாதவும் மராட்டியக் குதிரைப்படையோடு வந்து முற்றுகை இட்டவர்களையே முற்றுகை இட்டார்கள். மொகலாயர் பாளையத்துக்குத் தானியம் வரும் பாதை அடைபட்டது. பசி தாங்காமல் 1693 ஜனவரியில் சுல்பிகர் கான் வந்தவாசிக்குப் பின்வாங்கினார். நாம் இன்றைக்கு பஸ் ஏறிப் போகிற அதே வந்தவாசிக்கு. அந்தப் பெரும்படையை நகர்த்தியது எந்த வீரனின் தாவலும் இல்லை, காலியான தானிய மூட்டை.

கோட்டையைக் கட்டியவர்களுக்கு இது தெரிந்திருக்கிறது. அடிவாரத்தில் பிரம்மாண்டமான தானியக் களஞ்சியங்கள் நிற்கின்றன. சக்கரக்குளம், செட்டிக்குளம், ஆனைக்குளம். ராஜகிரி உச்சியில் ஊற்று. மாமா கேட்ட 'தண்ணி புடிக்கிற எடம்' இங்கே எங்கு பார்த்தாலும் இருக்கிறது. சக்கரக்குளத்துக்குப் பக்கத்தில் ஒரு பெரிய பாறை, அதில் கைதிக் கிணறு. தண்டனை பெற்றவர்களை அதில் தள்ளிப் பட்டினியில் சாகவிட்டார்கள் என்று சொல்கிறார்கள். ஆட்டத்தில் பள்ளத்தில் விழுந்தால் ஒரு விநாடி, அடுத்த உயிர். இங்கே பள்ளம் என்பது நாள்கணக்கு.

6

நம் கதைகளும் இந்தப் பாதையில்தான் போயிருக்கின்றன என்று சொன்னால் சிலர் கோபப்படலாம். செஞ்சி என்றால் தேசிங்கு. 1714இல் ஆற்காட்டு நவாப் சாதத்துல்லா கானை எதிர்த்துச் செத்த இளைஞன். ஊர்ப்பக்கம் கதைப்பாடலாகப் பாடினார்கள், 1960இல் எம்ஜிஆர் நடித்துப் படமும் வந்தது. சொல்லப்போனால் கதைப்பாடல் கான்ட்ராவைவிடப் பெரிய மனசுள்ளது. அதில் குதிரைக்குப் பேர் உண்டு. நாயகனோடு சாகிற முஸ்லிம் நண்பன் உண்டு. முக்கியமாக, அதில் ஒரு சாவு ஒரு சாவுதான். மூன்று உயிர் கொடுப்பதில்லை. ஒப்பாரி வைக்கும் வரைக்கும் பிணம் அங்கேயே கிடக்கும்.

ஆனால் அந்தக் கதையிலும் குதிரைக்குத் தண்ணீர் காட்டியவர் யார் என்று தேடினால் கிடைக்கமாட்டார். மூன்று மலைகளை எல்லோரும் எண்ணுவார்கள். நாலாவதாக ஒரு சிறு குன்று இருக்கிறது. சரித்திரப் புத்தகங்களில் அதன் பேர் சக்கிலிதுர்க்கம். தோல் வேலை செய்தவர்களின் பேர் ஒரு குன்றின் மேல் நிற்கிறது, சாதிப் பேராக, தனியாள் பேர் ஒன்றுகூட இல்லாமல். சேணம், செருப்பு, பறை, தண்ணீர் இறைக்கும் சால், தண்ணீர் தூக்கும் பை, எல்லாம் தோல். தோல் இல்லாமல் அந்தக் காலத்தில் ஒரு படை ஒருநாள் நிற்க முடியாது. 'தண்ணி புடிக்கிற எடம் எங்க' என்ற கேள்விக்கு இந்தக் கோட்டையில் குளம் பாதிப் பதில். மீதிப் பதில் அந்தக் குன்று.

2025 ஜூலையில் யுனெஸ்கோ 'மராட்டிய இராணுவ நிலக்காட்சிகள்' என்ற தலைப்பில் 12 கோட்டைகளை உலக மரபுச் சின்னமாக அறிவித்தது. பதினொன்று மகாராஷ்டிரத்தில், ஒன்று எங்கள் செஞ்சி. ஊருக்குச் சந்தோஷம்தான், எனக்கும்தான். ஆனால் பலகை எழுதும்போது எந்த ராஜா எப்போது பிடித்தார் என்று வரிசையாக எழுதுவது சுலபம். வலப்பக்கம் நகர்ந்துகொண்டே போகிற கதை அது. நம்மில் எழுதுகிறவர்கள் செய்யவேண்டிய வேலை அந்த நாலாவது குன்றில் இருக்கிறது என்று நினைக்கிறேன். களஞ்சியத்துக்கு மூட்டை ஏற்றியவர்கள், குளம் வெட்டியவர்கள், உச்சிக்குக் கல் சுமந்தவர்கள்.

7

போன மாசி மாதம் அக்கா மகனை ராஜகிரிக்குக் கூட்டிப்போனேன். அவன் கையில் மேல்மலையனூர் அமாவாசைக் கடையில் வாங்கிய ஒரு பெட்டி. நானூறு ஆட்டம் ஒரே பெட்டியில். அந்த நானூறில் கான்ட்ராவும் இருக்கிறது, பழைய டிவி வடிவம், உள்ளங்கை அளவுக்குச் சுருங்கி. பாலத்தருகே நின்று கீழே எட்டிப்பார்த்தவன், "இதைக் கான்ட்ரா ஆளு தாண்டிடுவான் மாமா" என்றான்.

"தாண்டிடுவான். மேல போயி தண்ணிக்கு என்ன பண்ணுவான்?"

யோசித்துத்தான் பதில் சொன்னான். "தண்ணியெல்லாம் வெச்சா கேம் போரடிக்கும் மாமா."

அவன் சொன்னது சரி. போரடிக்கும். அந்தப் போரடிக்கிற பகுதியை வெட்டி எடுத்ததால்தான் ஆட்டம் ஆட்டமாக இருக்கிறது, கதையும் கதையாக இருக்கிறது. வெட்டி எடுத்த அந்தப் பகுதியில்தான் சுல்பிகர் கானின் சமையல்காரர்கள் வந்தவாசிக்கு நடந்தார்கள். மாமா 1990இல் கையில் ஒரு பிளாஸ்டிக் கேனோடு அம்மானில் நின்றுகொண்டிருந்ததும் அங்கேதான்.

நாங்கள் இறங்கும்போது வெயில் ஏறிவிட்டது. பையன் களஞ்சியத்துக்குள் போய் ஒருதடவை கத்தி எதிரொலி கேட்டான். பிறகு பெட்டியை என்னிடம் கொடுத்து, "ஒரு ஸ்டேஜ் நீ ஆடு மாமா" என்றான். வாங்கி ஆடினேன். முப்பது வருஷம் கழித்தும் விரலுக்கு எல்லாம் ஞாபகம் இருக்கிறது.